மூணாம் நம்பர் சட்டை

உங்களுக்குப் பிடித்த ஃபுட்பால் வீரர் யார் என்று கேட்டால் மரடோனா என்பீர்கள், ஜிடான் என்பீர்கள். வீட்டில் இளவட்டங்கள் இருந்தால் மெஸ்ஸியா ரொனால்டோவா என்று சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவைத்துவிட்டுச் சண்டையே நடக்கும். ஒரு ஆளாவது ஸ்டாப்பர் பேக் பெயரைச் சொல்வீர்களா? மாட்டீர்கள். டிஃபெண்டர் என்பவர் கல்யாண மண்டபத்தின் பின்கட்டில் நிற்கும் சமையல்காரர் மாதிரி. சாம்பார் சரியாக இருந்தால் அவரை யாரும் தேடுவதில்லை. உப்பு கூடிவிட்டால் மட்டும், ‘யாருய்யா மாஸ்டர்?’ என்று பந்தியிலிருந்து குரல் வரும்.

இதனால் விமர்சனம் எழுதுகிறவனுக்கு ஒரு சங்கடம். கோல் போட்டவன் கணக்கு எல்லா இடத்திலும் இருக்கிறது. விழாமல் போன கோல்களுக்கு ஏது கணக்கு? ஒரு டிஃபெண்டர் இரண்டு அடி இடதுபக்கம் நகர்ந்து நின்றதால் எதிராளி பாஸ் கொடுக்காமல் பந்தைப் பின்னால் திருப்பினான் என்றால், அந்த நிமிஷத்தில் மைதானத்தில் எதுவுமே நடக்கவில்லை. டி.வி.யில் ரீப்ளே கிடையாது. மறுநாள் பேப்பரிலும் கிடையாது. ஆனால் அதுதான் அவர் வேலை.

இந்த வாரம் அப்படி ஒரு ஆளைப் பற்றிப் பேசலாம் என்று இருக்கிறேன். பெயர் நவோகி மட்சுதா. ஜப்பான்காரர். உடனே நீங்கள் ஒரு படம் போட்டுக்கொண்டிருப்பீர்கள். ஒழுங்கு, உழைப்பு, குனிந்து வணக்கம், சொன்ன நேரத்துக்கு ரயில். நம்ம சுயமுன்னேற்றப் புத்தகங்கள் எல்லாம் சேர்ந்து ஜப்பான்காரர்களை நம் மண்டைக்குள் ஒரு மாதிரி இஸ்திரி போட்டு மடித்து வைத்திருக்கின்றன. மட்சுதா அந்த மடிப்பில் அடங்காதவர். கோச்சிடம் எதிர்த்துப் பேசுவார். அடிக்கடி கார்டு வாங்குவார். பின்னால் நிற்கவேண்டிய ஆள், பொறுமை போய்விட்டால் பந்தை எடுத்துக்கொண்டு தானே எதிராளி கோல் வரைக்கும் கிளம்பிவிடுவார். பார்க்கிறவர்களுக்குப் பக் பக் என்று இருக்கும்.

1977 மார்ச் 14-ல் பிறந்தவர். குன்மா மாகாணத்தில் பட்டு நெசவுக்குப் பேர்போன கிரியூ என்ற ஊர். மாயபாஷி இகுயெய் என்ற ஹைஸ்கூலில் ஆடி, 1995-ல் நேராக யோகஹாமா மரினோஸ் அணிக்குள் வந்தார். ஜப்பானில் ஜே லீக் என்ற புரொஃபஷனல் லீக் ஆரம்பித்ததே 1993-ல்தான். கடை திறந்து இரண்டு வருஷம். பெயின்ட் வாசனை கூடப் போகவில்லை. முதல் வருஷமே மரினோஸ் சாம்பியன். பதினெட்டு வயசுப் பையன் டிஃபென்ஸில் நிற்கிறான். பொதுவாக அந்த வயசுப் பையன்களை ஓரத்தில் ஓடவிடுவார்கள், நடுவில் நிறுத்த மாட்டார்கள். ஃபார்வர்டு பத்துத் தடவை தப்புப் பண்ணி ஒரு தடவை கோல் போட்டால் ஹீரோ. டிஃபெண்டர் தொண்ணூறு நிமிஷம் சரியாக நின்று ஒரு தடவை வழுக்கினால் போச்சு.

அடுத்த வருஷம்தான் விஷயம்.

1996, அட்லான்டா ஒலிம்பிக்ஸ். ஜப்பான் ஃபுட்பால் அணி ஒலிம்பிக்ஸ் பக்கம் எட்டிப் பார்த்தே இருபத்தெட்டு வருஷம் ஆகியிருந்தது. 1968-ல் மெக்ஸிகோவில் வெண்கலம் வாங்கியதோடு சரி. உலகக் கோப்பைக்கு அதுவரை ஒரு தடவைகூடத் தகுதி பெறவில்லை. முதல் ஆட்டமே பிரேஸில். அந்த அணியின் பட்டியலைப் படித்துப் பாருங்கள்: பெபெட்டோ, ரிவால்டோ, ரொபர்ட்டோ கார்லோஸ், ரொனால்டோ, ஆல்டேர், கோலில் டீடா. கோச் மாரியோ ஸகாலோ. ஒலிம்பிக்ஸில் ஃபுட்பால் இருபத்துமூன்று வயசுக்குட்பட்ட பையன்களுக்கானது, மூன்று பெரியவர்களுக்கு மட்டும் அனுமதி. பிரேஸில் அனுப்பிய பெரியவர்களில் இரண்டு பேர் 1994-ல் உலகக் கோப்பையைத் தூக்கியவர்கள். எப்படி இருக்கிறது கதை!

மயாமி ஆரஞ்ச் பௌல் மைதானம். ஜப்பான் கோச் அகிரா நிஷினோ மூன்று ஸ்டாப்பர்களை நிறுத்தினார். அதில் ஒருவர் பத்தொன்பது வயது மட்சுதா. பிரேஸில் 28 தடவை கோலை நோக்கி அடித்தது என்று ஆட்டக் குறிப்பு சொல்கிறது. ஜப்பான் அடித்தது நாலே நாலு. 72-வது நிமிஷம், இடதுபக்கத்திலிருந்து உயரமாக ஒரு பந்து. பிடிக்க வந்த டீடாவும் தடுக்க வந்த ஆல்டேரும் ஒருவர்மேல் ஒருவர் முட்டிக்கொண்டு விழுந்தார்கள். அனாதையாக உருண்ட பந்தை, ஓடிவந்த தெருயோஷி இடோ உள்ளே தட்டிவிட்டார். 1-0. மீதி இருபது நிமிஷமும் சட்டி சுடச்சுடத் தலையில் வைத்துக்கொண்டு நடந்த மாதிரி இருந்திருக்கும். ஆனால் பிடித்துவிட்டார்கள்.

ஜப்பானில் இதை ‘மயாமி அற்புதம்’ என்று சொல்கிறார்கள். எனக்கு அந்தப் பெயரில் கொஞ்சம் கருத்து வேறுபாடு உண்டு. கோல் விழுந்தது அதிர்ஷ்டம், சரி. டீடாவும் ஆல்டேரும் முட்டிக்கொள்வார்கள் என்று ஜாதகத்தில் எழுதியா இருந்தது? ஆனால் 28 தடவை கோல் விழாமல் போனது அதிர்ஷ்டமா? ஐந்தாறு தடவை அதிர்ஷ்டம். பத்துத் தடவை கோல்கீப்பர் கவாகுச்சி. (அவரும் மரினோஸ்காரர்தான். அன்று ஆடிய ஆட்டத்துக்கு மரினோஸ் சம்பளத்தை இரட்டிப்பாக்கி இருக்கலாம்.) மீதி எல்லாம் யாரோ ஒருவர் காலையோ நெஞ்சையோ தலையையோ குறுக்கே நீட்டியதால் போனது. அற்புதம் என்று சொல்லிவிட்டால் அந்த யாரோ ஒருவரின் பெயர் காணாமல் போய்விடுகிறது.

பிரேஸிலைத் தோற்கடித்த அணி என்ன ஆனது தெரியுமா? நைஜீரியாவிடம் 0-2 தோல்வி. ஹங்கேரியை 3-2 ஜெயித்தது. மூன்றில் இரண்டு ஜெயித்தும், கோல் வித்தியாசத்தில் வெளியே. பிரேஸிலும் நைஜீரியாவும் அடுத்த சுற்றுக்குப் போயின. நைஜீரியா தங்கமே வாங்கிவிட்டது.

1998-ல் ஜப்பான் முதல் தடவையாக உலகக் கோப்பைக்குப் போனபோது மட்சுதாவுக்கு அணியில் இடமில்லை. அதன் பிறகு கோச்சாக வந்தவர் ஃபிலிப் ட்ரூசியே என்ற பிரெஞ்சுக்காரர். கத்துவார், தள்ளுவார், வீரர்களின் சட்டையைப் பிடித்து இழுத்து நிறுத்துவார். அவர் கையில் ஒரு சித்தாந்தம் இருந்தது. ‘ஃப்ளாட் த்ரீ’ என்று பெயர். அதைக் கொஞ்சம் விளக்கவேண்டும். அலுத்துக்கொள்ளாமல் கேளுங்கள். மட்சுதா யார் என்பது இதற்குள்தான் இருக்கிறது.

ஆஃப்சைடு விதி தெரியும் இல்லையா? பந்து உதைக்கப்படுகிற நொடியில், எதிரணியின் கடைசி டிஃபெண்டரையும் தாண்டி முன்னால் நின்றுகொண்டு பந்து வாங்கக்கூடாது. ஆக, டிஃபெண்டர்கள் எல்லோரும் சேர்ந்து முன்னால் ஏறினால், எதிராளி ஃபார்வர்டும் வேறு வழியில்லாமல் பின்னால் வரவேண்டும். ட்ரூசியே மூன்று டிஃபெண்டர்களை ஸ்கேல் வைத்துக் கோடு போட்ட மாதிரி ஒரே வரிசையில் நிறுத்தினார். அவர்களுக்குப் பின்னால் காவலுக்குத் தனி ஆள் யாரும் கிடையாது. எதிராளி தலையைக் குனிந்து பந்தைப் பார்த்தால் மூன்று பேரும் ஏறவேண்டும். நிமிர்ந்து உதைக்கத் தயாரானால் மூன்று பேரும் இறங்கவேண்டும். ஏறி, இறங்கி, ஏறி, இறங்கி, தொண்ணூறு நிமிஷம்.

கபடியில் பிடிக்கிறவர்கள் கைகோத்துச் சங்கிலி போட்டு நிற்பார்களே, அதுதான் இது. என்ன, இங்கே கைகோக்க முடியாது, கண்ணால்தான் கோக்கவேண்டும். சங்கிலியில் ஒருவன் அரை விநாடி தாமதித்தால் மொத்தமும் காலி. பின்னால் முப்பது மீட்டர் வெறும் புல்வெளி, அதற்குப் பிறகு பாவம் ஒரு கோல்கீப்பர்.

இந்த ஏற்பாட்டில் வலதுபக்கக் கண்ணி மட்சுதா. இப்போது நீங்களே சொல்லுங்கள். தன்னிஷ்டத்துக்கு முன்னால் கிளம்பிப் போகிற ஆளை, கோடு பிசகாமல் நிற்கவேண்டிய வேலையில் போட்டால் என்ன ஆகும்? மோதல்தான் ஆகும். ஆனது. ஆனாலும் 2002-ல் ஜப்பானும் கொரியாவும் சேர்ந்து நடத்திய உலகக் கோப்பையில் ஜப்பான் ஆடிய நாலு ஆட்டத்திலும் மட்சுதா இருந்தார். ட்ரூசியே கோபக்காரரே தவிர குருடர் இல்லை.

2002 ஜூன் 4. சைதாமா மைதானம். பெல்ஜியத்தோடு முதல் ஆட்டம். நம்ம ஊரில் அப்போது மத்தியானம் இரண்டரை மணி, வேலைக்குப் போகாதவர்களுக்குத் தூக்கம் சொக்குகிற நேரம். 57-வது நிமிஷம் வில்மாட்ஸ் தலைகீழாகப் பறந்து ஒரு சிஸர் கிக், பெல்ஜியம் 1-0. அடுத்த இரண்டாவது நிமிஷமே சுஸுகி நீட்டிய கால்விரலில் பட்டு 1-1. 67-ல் இனாமோட்டோ, 2-1. மைதானம் முழுக்க நீலக்கடல் பொங்குகிறது. 71-ல் ஃப்ளாட் த்ரீயின் நடு ஆள், கேப்டன் மொரியோகா, காயத்தோடு வெளியே போகிறார். முகத்தில் கறுப்பு மாஸ்க்கோடு (மூக்கெலும்பு முறிந்திருந்தது) மியாமோட்டோ உள்ளே வருகிறார். 75-வது நிமிஷம், ஜப்பான் கோல் பக்கத்திலிருந்து பந்து வெளியே தட்டப்படுகிறது. கோட்பாடு என்ன சொல்கிறது? ஏறு! எல்லோரும் ஏறுகிறார்கள். பெல்ஜியக்காரர் ஒருவர் அதே பந்தை அலுங்காமல் அவர்கள் தலைக்கு மேலே திருப்பிப் போடுகிறார். பின்னாலிருந்து ஓடிவந்த வான் டெர் ஹெய்டன், ஏறிவரும் கோட்டை எதிர்த்திசையில் தாண்டிப் போய், கோல்கீப்பர் தலைக்கு மேலே பந்தைத் தூக்கிவிட்டு, 2-2.

இது ஆள் செய்த தப்பில்லை. கோட்பாட்டில் இருந்த ஓட்டை. ஆஃப்சைடு பொறியில் மாட்டுவது நின்றுகொண்டிருப்பவன். பின்னாலிருந்து ஓடிவருகிறவனுக்கு அது பொறியே இல்லை, திறந்த வாசல்.

அடுத்து நடந்ததுதான் என்னைப் பொறுத்தவரை ஜப்பான் ஃபுட்பால் வரலாற்றிலேயே சுவாரசியமான சமாச்சாரம். மியாமோட்டோ, மட்சுதா, கோஜி நகாதா என்று டிஃபென்ஸில் நின்றவர்கள் தங்களுக்குள் உட்கார்ந்து பேசினார்கள். கோச் சொல்கிற அளவுக்கு ஏறவேண்டாம், கோட்டைக் கொஞ்சம் பின்னால் இறக்கி வைத்துக்கொள்ளலாம் என்று முடிவெடுத்தார்கள். அந்த வீரர்களே பின்னால் சொன்ன விஷயம் இது. நாலு வருஷமாக ஒரு மனுஷன் கத்திக் கத்திச் சொல்லிக்கொடுத்த பாடத்தை, பரீட்சைக்கு நடுவில், மாணவர்களே திருத்திக்கொண்டார்கள்!

ஜூன் 9, யோகஹாமா. ரஷ்யாவை 1-0 ஜெயித்தார்கள். உலகக் கோப்பையில் ஜப்பானின் முதல் வெற்றி. மட்சுதாவுக்கு அது சொந்த மைதானம் வேறு. ஜூன் 14, ஒஸாகா, டுனீசியாவை 2-0. ஜூன் 18, மியாகியில் மழை. துருக்கியிடம் 0-1, அதோடு கதை முடிந்தது. அந்த ஒரு கோலும் 12-வது நிமிஷத்தில் கார்னரில் உமித் தவாலா தலையால் முட்டியது. கூட்டிக்கழித்துப் பாருங்கள்: கோட்டை இறக்கிய பிறகு மூன்று ஆட்டம், ஒரே கோல், அதுவும் கார்னரில். ஓடுகிற ஆட்டத்தில் யாரும் அவர்களைத் தாண்டிப் போகவில்லை. கோச் இல்லை, வீரர்கள்தான் சரி என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

ஆனால் ட்ரூசியேவுக்கு ஒரு நியாயம் செய்யவேண்டும். நாலு வருஷம் அந்தக் கோட்டில் ஏறி இறங்கிப் பழகியதால்தான் எவ்வளவு இறக்கலாம் என்கிற அளவு அவர்களுக்குத் தெரிந்தது. சமையல் புத்தகத்தை மீறிச் சமைக்கவும் முதலில் அதை நாலு தடவை சமைத்துப் பார்த்திருக்கவேண்டும் இல்லையா.

இந்த மூன்று பேரில் மியாமோட்டோ மூளைக்காரர், அமைதியானவர், பேச்சில் நிதானம். பின்னாளில், 2024-ல், ஜப்பான் ஃபுட்பால் சங்கத்துக்கே தலைவரானார். மட்சுதா உயிரோடு இருந்திருந்தாலும் அந்த நாற்காலியில் யாரும் உட்காரவைத்திருக்க மாட்டார்கள். அவரும் உட்கார்ந்திருக்க மாட்டார்.

அடுத்து வந்த கோச் ஜீகோ. பிரேஸில்காரர், மகா கலைஞர். அவரோடும் ஒத்துப்போகவில்லை. பெஞ்சில் உட்காருவது மட்சுதாவின் உடம்புக்கு ஒத்துக்கொள்ளாத காரியம். 2005-க்குப் பிறகு தேசிய அணியிலிருந்து அழைப்பு வரவில்லை. மொத்தம் 40 ஆட்டம், ஒரு கோல். மரினோஸில் அவரோடு தோளோடு தோள் நின்ற யுஜி நகஸாவா 110 ஆட்டம் ஆடினார். நகஸாவா அபாரமான டிஃபெண்டர், சந்தேகமே இல்லை. ஆனால் அவரைவிட மட்சுதா எழுபது ஆட்டம் குறைந்தவரா?

இங்கேதான் அவர் ரசிகர்களோடு எனக்குத் தகராறு. அவர்கள் எழுதுவதைப் படித்தால், கோச்கள் எல்லோரும் சேர்ந்து ஒரு மேதையை ஓரங்கட்டிவிட்டார்கள் என்று தோன்றும். அப்படி இல்லை. டிஃபெண்டரின் முதல் தகுதி, பக்கத்தில் நிற்பவன் அவனை நம்பவேண்டும். இன்று கோபம் வந்தால் இவன் இருப்பானா, போய்விடுவானா என்று கோச்சுக்குச் சந்தேகம் வந்துவிட்டால், எவ்வளவு திறமை இருந்தும் பிரயோஜனமில்லை. அந்த எழுபது ஆட்டத்தில் பாதியை மட்சுதாவே தொலைத்தார் என்பது என் அபிப்பிராயம். 2006 உலகக் கோப்பையில் ஆஸ்திரேலியாவோடு 1-0 என்று முன்னிலையில் இருந்த ஜப்பான், 84-வது நிமிஷத்திலிருந்து மூன்று கோல் வாங்கித் தோற்றது. அந்த எட்டு நிமிஷத்தில் கத்தி எல்லோரையும் எழுப்ப ஒரு ஆள் தேவைப்பட்டது. அந்த ஆள் வீட்டில் டி.வி. முன்னால் இருந்தார். யாரை நொந்துகொள்ள?

சரி, கிளப்புக்கு வருவோம். மரினோஸில் பதினாறு வருஷம். ஜே லீக் முதல் டிவிஷனில் 385 ஆட்டம், அத்தனையும் ஒரே கிளப்புக்கு. 1995, 2003, 2004 என்று மூன்று சாம்பியன் பட்டம். 2001-ல் லீக் கோப்பை. கடைசி இரண்டு பட்டமும் தகேஷி ஒகாடா கோச்சாக இருந்தபோது. 1998-ல் இவரை உலகக் கோப்பைக்கு எடுக்காத அதே ஒகாடா! அவரிடம் மட்சுதா ஒழுங்காக ஆடினார் என்பதைக் கவனியுங்கள். கோபக்காரர்களைக் கையாளத் தெரிந்தவர்கள் இருக்கத்தான் செய்கிறார்கள்.

2010 சீஸன் முடியும்போது மரினோஸ் அவருக்கு ஒப்பந்தம் புதுப்பிக்கவில்லை. வயது 33. ‘எல்லாம் கணக்குதான்’ என்பார்கள் கம்பெனி மொழியில். ரசிகர்கள் கொதித்துப்போனார்கள். டிசம்பர் 4, கடைசி ஆட்டம் முடிந்து, மைதானத்தில் அவர் கையில் மைக் கொடுத்தார்கள். இந்த மாதிரி நேரத்தில் என்ன பேசவேண்டும் என்று ஜப்பானில் ஒரு இலக்கணம் உண்டு. எல்லோருக்கும் நன்றி, கிளப்புக்கு நன்றி, குனிந்து ஒரு வணக்கம். மட்சுதா அழுதுகொண்டே, தனக்கு ஃபுட்பால் நிஜமாகவே பிடிக்கும், இன்னும் ஆடவேண்டும் என்று இருக்கிறது என்றார். அதுவும் மேடை மொழியில் இல்லை. தெருமுனையில் நிற்கிற பையன் பேசுகிற கொச்சையில். அந்தப் பேச்சு ஜப்பானில் இன்றைக்கும் பிரசித்தம். பதினெட்டு வயதில் வந்த பையன் முப்பத்துமூன்று வயதிலும் அதே வாயோடு நிற்கிறான்.

மேல் டிவிஷனில் ஆடிய ஒருவருக்கு அடுத்து என்ன வழி? டி.வி.யில் வர்ணனை, பள்ளிக்கூடக் கோச், சொந்தமாக ரெஸ்டாரன்ட். மட்சுதா மட்சுமோட்டோ யமகா என்ற கிளப்புக்குப் போனார். முதல் டிவிஷன் இல்லை, இரண்டாவதும் இல்லை. ஜே.எஃப்.எல். என்கிற மூன்றாவது படி. அங்கே ஆடுகிறவர்களில் பலர் பகலில் வேறு வேலை பார்ப்பவர்கள்.

அந்தக் கிளப்பின் கதையே தனி. நகானோ மாகாணத்தில், சுற்றிலும் மலைகள் இருக்கிற ஊர் மட்சுமோட்டோ. அந்த ஊர் ரயில்வே ஸ்டேஷனுக்கு எதிரே ‘யமகா’ என்று ஒரு காபிக்கடை இருந்தது. அங்கே கூடி அரட்டை அடித்த ஃபுட்பால்காரர்கள் 1965-ல் ஒரு டீம் ஆரம்பித்து, கடைப் பெயரையே வைத்துவிட்டார்கள். கடை 1978-ல் போய்விட்டது. டீம் மட்டும் மாவட்ட லீக், பிராந்திய லீக் என்று ஒவ்வொரு படியாக ஏறிக்கொண்டிருந்தது. இரண்டாம் டிவிஷனைத் தொட்டுவிட வேண்டும் என்று துடித்துக்கொண்டிருந்த நேரத்தில்தான், உலகக் கோப்பை ஆடிய ஒருவர் மூணாம் நம்பர் சட்டையை மாட்டிக்கொண்டு வந்து நின்றார். அந்த ஊர்க்காரர்களுக்கு எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

2011 ஆகஸ்ட் 2. காலைப் பயிற்சி. உடம்பைச் சூடேற்றுவதற்காக ஓடிய ஓட்டம் முடிகிற நேரத்தில் மட்சுதா சரிந்து விழுந்தார். இதயம் நின்றுவிட்டது. பயிற்சியை வேடிக்கை பார்க்க வந்திருந்தவர்களில் ஒரு நர்ஸ் இருந்தார். ஓடிவந்து நெஞ்சை அழுத்தினார். ஷின்ஷு பல்கலைக்கழக மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்கள். நினைவு திரும்பவே இல்லை. ஆகஸ்ட் 4-ம் தேதி மத்தியானம் இறந்துபோனார். மாரடைப்பு. வயது 34.

அந்தப் பயிற்சித் திடலில் ஏ.இ.டி. இல்லை.

ஏ.இ.டி. என்றால், துடிப்பு தாறுமாறாகிவிட்ட இதயத்துக்கு மின் அதிர்ச்சி கொடுத்து ஒழுங்குக்குக் கொண்டுவரும் பெட்டி. டாக்டர் வேண்டியதில்லை. திறந்தால் அதுவே பேசும். இதை இங்கே ஒட்டு, தள்ளி நில், பட்டனை அழுத்து என்று சொல்லும். அதிர்ச்சி தேவையில்லை என்றால் கொடுக்காது. இதில் நேரம்தான் எல்லாமே. ஒவ்வொரு நிமிஷம் தாமதிக்கும்போதும் பிழைக்கிற வாய்ப்பு ஏழு முதல் பத்து சதவிகிதம் குறைகிறது என்பது டாக்டர்களின் கணக்கு. ஆம்புலன்ஸ் எவ்வளவு சீக்கிரம் வந்தாலும் இந்தக் கணக்கோடு போட்டி போட முடியாது.

இதில் மனசை அறுக்கிற ஒரு விஷயம் இருக்கிறது. ஜப்பான் ஃபுட்பால் சங்கத்தின் கௌரவத் தலைவராக இருந்தவர் அரச குடும்பத்து இளவரசர் தகமாடோ. பெரிய ஃபுட்பால் பிரியர். 2002 உலகக் கோப்பை நடந்த அதே வருஷம் நவம்பர் 21-ல், டோக்கியோவில் கனடா தூதரகத்தில் ஸ்குவாஷ் ஆடிக்கொண்டிருந்தபோது இதயத் துடிப்பு தாறுமாறாகி விழுந்து இறந்துபோனார். 47 வயது. இளவரசரே இப்படிப் போய்விட்டாரே என்ற அதிர்ச்சியில்தான் அங்கே ஏ.இ.டி. பேச்சு சூடுபிடித்தது. 2004 ஜூலையிலிருந்து டாக்டர் அல்லாத யாரும் அந்தப் பெட்டியைப் பயன்படுத்தலாம் என்று அனுமதித்தார்கள். ஸ்டேஷன், ஸ்கூல், கடைவீதி என்று பெட்டிகள் வந்தன. ஃபுட்பால் சங்கத்தின் கௌரவத் தலைவர் இறந்து ஒன்பது வருஷம் கழித்து, ஃபுட்பால் பயிற்சித் திடல் ஒன்றில் அந்தப் பெட்டி இல்லை. வெயிலில் பிள்ளைகளை ஓடவிடுகிற இடம் எதுவோ, அங்கே முதலில் வைத்திருக்க வேண்டாமா?

இருந்திருந்தால் பிழைத்திருப்பார் என்று யாரும் சத்தியம் செய்ய முடியாது. ஆனால் 2021 ஜூனில் கோபன்ஹேகனில், யூரோ கோப்பை ஆட்டத்தில் டென்மார்க்கின் கிறிஸ்டியன் எரிக்ஸன் விழுந்ததை நீங்கள் நேரலையில் பார்த்திருப்பீர்கள். அங்கேயே நெஞ்சை அழுத்தி, அங்கேயே அதிர்ச்சி கொடுத்து எழுப்பினார்கள். அடுத்த வருஷமே அவர் திரும்ப ஆட வந்துவிட்டார். நம் பக்கத்து பெங்களூரில் 2004 டிசம்பர் 5-ல் ஃபெடரேஷன் கோப்பை ஃபைனலில், டெம்போ அணிக்காக இரண்டாவது கோல் போட்ட அதே நொடியில் விழுந்த பிரேஸில்காரர் கிறிஸ்டியானோ ஜூனியரை யாராலும் எழுப்ப முடியவில்லை. இரண்டு ஊருக்கும் நடுவில் பதினேழு வருஷம் இருக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். உங்கள் பையன் விளையாடுகிற மைதானத்தில் இன்றைக்கு என்ன இருக்கிறது என்று ஒரு நடை போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள்.

இறந்தபிறகு மட்சுதாவைப் பற்றி வந்த எழுத்துகளில் எல்லாமே அழகாகிவிட்டது. வாங்கின கார்டு எல்லாம் வீரம், போட்ட சண்டை எல்லாம் நேர்மை. எனக்கு அந்த மட்சுதா வேண்டாம். அவரிடம் பிடித்ததே அந்த ஒழுங்கில்லாத பக்கம்தான் என்றாலும், அதற்கு அவர் விலை கொடுத்தார் என்பதைச் சேர்த்துச் சொன்னால்தான் ஆள் முழுசாகத் தெரிவார். அவர் பெயரில் ஏ.இ.டி. பிரசாரமும் முதலுதவிப் பயிற்சியும் நடந்திருக்கின்றன. அது புகழுரையைவிட எவ்வளவோ மேல்.

மரினோஸ் கிளப் மூணாம் நம்பரை நிரந்தரமாக எடுத்து வைத்துவிட்டது. இனி யோகஹாமாவில் அந்த எண்ணை யாரும் போடமுடியாது. ஒப்பந்தம் இல்லை என்று எந்தக் கிளப் வெளியே அனுப்பியதோ, அதே கிளப்.

மட்சுமோட்டோவில் வேறு மாதிரி நடந்தது. மட்சுதா இறந்த அந்த 2011 சீஸனிலேயே நாலாவது இடம் பிடித்து, அடுத்த வருஷம் இரண்டாம் டிவிஷனில் கால் வைத்தார்கள். 2014-ல் தனாகா ஹயுமா என்ற டிஃபெண்டர் வந்து சேர்ந்தார். அதே ஊரில் பிறந்தவர், மரினோஸில் மட்சுதாவோடு ஆடியவர். மூணாம் நம்பர் அவருக்குப் போனது. அந்த வருஷமே அணி முதல் டிவிஷனுக்கு ஏறியது. காபிக்கடை டீம், 2015-ல், மட்சுதா துரத்தப்பட்ட அதே மேல் டிவிஷனில்! பெட்டிக்குள் மடித்து வைத்த சட்டையைவிட, வியர்வையும் சேறும் பட்ட சட்டைதான் அந்த மனுஷனுக்குப் பொருத்தம் என்று எனக்குத் தோன்றுகிறது. நீங்கள் மாற்றிச் சொன்னால் சண்டைக்கு வரமாட்டேன்.

மட்சுமோட்டோ ஒரே வருஷத்தில் கீழே இறங்கியது, 2019-ல் மறுபடி ஏறியது, மறுபடி இறங்கியது. 2022-ல் மூன்றாம் டிவிஷனில் இருந்தது. தனாகா ஹயுமா ஆட்டத்தை நிறுத்திக்கொண்டது அந்த வருஷம்தான். நாற்பது வயது. அதுவரைக்கும் மூணாம் நம்பர்தான் போட்டிருந்தார்.